கட்சிக்காரரே உலகம்

கல்யாண வீட்டுப் பந்தியில் பக்கத்து இலைக்காரர் வக்கீல் என்று தெரிந்துவிட்டால் போதும். பாயசம் வருவதற்குள் யாராவது அந்தக் கேள்வியைக் கேட்டுவிடுவார்கள். "குற்றவாளின்னு தெரிஞ்சும் எப்படி சார் அவனுக்காக வாதாடறீங்க?" வக்கீலும் இதற்குப் பழகிப்போனவர். "அதைத் தீர்மானிக்க வேண்டியவர் ஜட்ஜ்" என்று சிரித்து மழுப்பிவிட்டு ரசத்துக்குப் போய்விடுவார்.

இந்தக் கேள்விக்கு இதுவரை சொல்லப்பட்ட பதில்களில் மிகத் துணிச்சலான பதில் 1820 அக்டோபர் 3-ம் தேதி லண்டனில் சொல்லப்பட்டது. மிக ஆபத்தான பதிலும் அதுவே. இடம்: பிரிட்டிஷ் பிரபுக்கள் சபை. சொன்னவர்: ஹென்றி புரூம். அன்று அவருக்கு வயது 42.

ஆங்கிலத்தில் எட்டு எழுத்துகளில் எழுதி, ஒரே மூச்சில் உச்சரிக்க வேண்டிய பெயர் அது. துடைப்பத்துக்கும் அங்கே அதே ஓசை என்பதால் அந்தக் காலக் கார்ட்டூனிஸ்டுகளுக்குக் கொண்டாட்டம். கையில் துடைப்பத்துடனும், சில சமயம் துடைப்பமாகவேயும் அவரை வரைந்து தள்ளினார்கள். நாலு சக்கரமும் ஒற்றைக் குதிரையுமாக, மேலே மூடிய ஒரு வகை வண்டிக்கு 'புரூம்' என்று பெயர் வந்ததும் இவரால்தான். வண்டியின் பெயர் அகராதியில் நின்றுவிட்டது. அந்த மனிதரை ஏறக்குறைய எல்லோரும் மறந்துவிட்டார்கள்.

மறக்கக்கூடிய ஆள் இல்லை. 1778-ல் ஸ்காட்லாந்தின் எடின்பரோ நகரில் பிறந்தார். அப்பா வழியில் வடக்கு இங்கிலாந்தில் ஒரு பழைய மாளிகை. அம்மா வழியில் படிப்பாளிக் குடும்பம். 14 வயதில் பல்கலைக்கழகம். 18 வயதில் ஒளியைப் பற்றி எழுதிய கட்டுரையை ராயல் சொசைட்டி வெளியிட்டது. 1802-ல் மூன்று நண்பர்களோடு சேர்ந்து 'எடின்பரோ ரிவ்யூ' பத்திரிகையைத் தொடங்கினார். அதில் எந்த விஷயத்தைப் பற்றியும் எழுதுவார், யாரையும் விடமாட்டார். ஒளி அலையாகப் பரவுகிறது என்று தாமஸ் யங் என்ற விஞ்ஞானி சொன்னபோது, பெயர் போடாமல் கிழித்துத் தோரணம் கட்டினார். யங் சொன்னதே சரி என்று பிறகு நிரூபணமாயிற்று. எடுத்துக்கொண்ட பக்கத்துக்காக முழு மூச்சோடு அடிப்பது புரூமின் பலம். பக்கம் சரியா என்று நின்று யோசிக்காதது அவருடைய பலவீனம். இரண்டும் கடைசி வரை கூடவே வந்தன.

1808-ல் லண்டனில் பாரிஸ்டர். 1810-ல் பார்லிமென்ட் உறுப்பினர். ஒரு பிரபுவின் சட்டைப் பையில் இருந்த தொகுதியில், அவர் தயவில் கிடைத்த இடம் அது. ஆனால் உள்ளே போன மறு வருடமே உருப்படியான ஒரு காரியம் செய்தார். அடிமை வியாபாரத்தை 1807-லேயே பிரிட்டன் தடை செய்திருந்தது. அபராதம் மட்டுமே தண்டனை. லாபத்தில் ஒரு பங்கை அபராதமாக எடுத்து வைத்துவிட்டு வியாபாரிகள் தொழிலைத் தொடர்ந்தார்கள். புரூம் கொண்டுவந்த 1811 சட்டம் அதைக் கடும் குற்றமாக்கியது. பிடிபட்டால் 14 ஆண்டு நாடு கடத்தல்.

அதே காலத்தில் 'எக்ஸாமினர்' பத்திரிகையை நடத்திய ஹன்ட் சகோதரர்கள் கோர்ட்டுக்கு இழுக்கப்பட்டார்கள். ராணுவத்தில் சவுக்கடி கொடுப்பதைக் கண்டித்த கட்டுரைக்காக முதல் வழக்கு. புரூம் வாதாடி விடுதலை வாங்கிக் கொடுத்தார். பட்டத்து இளவரசரைக் கேலி செய்ததற்காக அடுத்த வழக்கு. இதில் தோற்றார், சகோதரர்களுக்கு இரண்டு வருட சிறை. அந்த இளவரசர்தான் பின்னாளில் நான்காம் ஜார்ஜ் மன்னர். இருவருக்கும் இடையிலான கணக்கு அத்தோடு முடியவில்லை.

ஜார்ஜ் 1795-ல் ஜெர்மனியின் பிரன்ஸ்விக் அரச குடும்பத்துப் பெண் கரோலினை மணந்தார். அடுத்த வருடம் ஒரு மகள் பிறந்தாள். அதோடு தாம்பத்தியம் முடிந்தது. கணவர் வேறு பெண்களோடு வாழ்ந்தார். 1814-ல் கரோலின் நாட்டை விட்டே போய், பெரும்பாலும் இத்தாலியில் தங்கினார். பெர்காமி என்ற இத்தாலியப் பணியாளர் அவரிடம் வேலைக்குச் சேர்ந்து மளமளவென்று உயர்ந்தார். ஊர் பேசியது. லண்டனிலிருந்து ரகசிய விசாரணைக் குழு ஒன்று மிலான் நகருக்குப் போய்ச் சாட்சிகளைத் திரட்டியது. 1820 ஜனவரியில் மூன்றாம் ஜார்ஜ் இறந்ததும், மகன் மன்னரானார்; சட்டப்படி கரோலின் ராணி ஆகிவிட்டார். ஜூன் மாதம் டோவர் துறைமுகத்தில் அவர் வந்து இறங்கியபோது ஜனங்கள் ஆரவாரத்தோடு வரவேற்றார்கள்.

ராணியின் பட்டத்தைப் பறித்து, திருமணத்தையும் ரத்து செய்ய அரசு ஒரு மசோதா கொண்டுவந்தது. பெயருக்குத்தான் மசோதா, நடந்தது வழக்கு. பிரபுக்கள் சபையே கோர்ட்டாயிற்று. ஆகஸ்ட் 17 முதல் இத்தாலியச் சாட்சிகள் வரிசையாக வந்து, படுக்கை அறை விவரம் வரை சொன்னார்கள். ராணி தரப்பின் தலைமை வக்கீல் புரூம். முதல் முக்கிய சாட்சி மஜோக்கி என்ற பணியாளரைப் பிடித்துக்கொண்டார். அரசுத் தரப்பு கேட்டபோது எல்லாம் துல்லியமாக ஞாபகம் இருந்தது அந்த ஆளுக்கு. புரூம் கேட்க ஆரம்பித்ததும் "ஞாபகமில்லை, ஞாபகமில்லை" என்ற பதிலே திரும்பத் திரும்ப வந்தது. அவர் இத்தாலிய மொழியில் சொன்ன அந்த வார்த்தைகள் லண்டன் தெருக்களில் கேலிப் பேச்சாயின.

பிறகு அக்டோபர் 3. ராணியின் தரப்பைத் தொடங்கிவைத்துப் புரூம் பேசினார். தன் கடமையைச் செய்யும் வக்கீலுக்கு உலகம் முழுவதிலும் தெரிந்த ஆள் ஒருவர்தான், அவர் தன் கட்சிக்காரர் என்றார். அவரை எந்த வழியிலாவது காப்பாற்றுவதே முதல் கடமை. அதுவே ஒரே கடமை. அதனால் பிறருக்கு என்ன நேர்ந்தாலும், தனக்கே என்ன நேர்ந்தாலும், தன் நாட்டையே குழப்பத்தில் தள்ள வேண்டி வந்தாலும் வக்கீல் பின்வாங்கக்கூடாது என்றார்.

நாட்டையே குழப்பத்தில் தள்ளுவது என்பது வெறும் மேடைப் பேச்சாக இருக்கவில்லை. ஜார்ஜ் 1785-லேயே மரியா ஃபிட்ஸ்ஹெர்பர்ட் என்ற கத்தோலிக்கப் பெண்ணை ரகசியமாக மணந்திருந்தார். கத்தோலிக்கரை மணந்தவர் சிம்மாசனம் ஏற முடியாது என்பது 1701-ம் வருடத்துச் சட்டம். அந்த ரகசியம் புரூம் கையில் இருந்தது. சபையில் அவர் அதைப் பெயர் சொல்லி எடுக்கவில்லை. எடுப்பேன் என்று மட்டும் புரிய வைத்தார். புரிய வேண்டியவர்களுக்குப் புரிந்தது. அன்று தான் சொன்னது ஆற அமர யோசித்து எட்டிய கருத்தல்ல, மன்னரை நோக்கி விடுத்த மிரட்டல் என்று பிற்காலத்தில் ஒரு கடிதத்தில் அவரே எழுதினார். வக்கீல் தொழிலின் வேதவாக்காகச் சட்டக் கல்லூரிகளில் சொல்லிக்கொடுக்கப்படும் வாசகம் அப்படிப் பிறந்ததுதான்.

நவம்பர் 10-ம் தேதி மூன்றாவது வாசிப்பில் மசோதாவுக்கு ஆதரவாக 108 பேர், எதிராக 99 பேர். ஒன்பது வாக்கு வித்தியாசத்தை வைத்துக்கொண்டு காமன்ஸ் சபைக்குப் போக முடியாது என்று கணக்குப் போட்ட பிரதமர் லிவர்பூல் பிரபு மசோதாவைக் கைவிட்டார். லண்டன் விளக்கேற்றிக் கொண்டாடியது.

புரூமின் கைகள் மட்டும் முழுக்கச் சுத்தமாக இருந்ததா? இல்லை. வழக்குக்கு முன்பே அரசு ஒரு பேரம் பேசியது. ராணி பட்டத்தை உரிமை கோராமல் வெளிநாட்டிலேயே இருந்துவிட்டால் ஆண்டுக்கு 50,000 பவுன். இதை ராணியிடம் சொல்லும்படி ஏப்ரலில் புரூமிடம்தான் ஒப்படைத்தார்கள். அவர் பல வாரங்கள் சொல்லாமல் வைத்திருந்தார். ராணி ஊர் திரும்பும் வழியில், பிரான்சில் நடந்த சந்திப்பில்தான் விஷயம் வெளியே வந்தது. கட்சிக்காரரைத் தவிர உலகில் வேறு யாரையும் தெரியாது என்று முழங்கியவர், அதற்குச் சில மாதங்கள் முன்பு அரசோடும் ராணியோடும் ஒரே சமயத்தில் பேசிக்கொண்டிருந்தார். தன் பதவி வாய்ப்பும் அவர் கணக்கில் இருந்திருக்கும் என்று பலர் நினைத்ததில் ஆச்சரியமில்லை.

ஆனால் சபையில் எழுந்து நின்ற பிறகு அவர் விலை கொடுத்தார் என்பதும் உண்மை. 1821 ஜூலை 19-ல் நடந்த முடிசூட்டு விழாவுக்குப் போன ராணிக்கு வெஸ்ட்மின்ஸ்டர் தேவாலயத்தின் கதவு திறக்கவில்லை. மூன்று வாரங்களில் இறந்துபோனார். ராணியின் வக்கீல் என்ற முறையில் புரூம் அணிந்திருந்த பட்டு அங்கியும் அத்தோடு போயிற்று. சீனியர் வக்கீல் பதவியைத் தர மன்னர் மறுத்தார். நாட்டின் தலைசிறந்த வக்கீல், ஜூனியர்களின் சாதாரண அங்கியோடு பின் வரிசைக்குத் திரும்பினார். இந்த நிலை மாற 1827 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

இன்னொன்றையும் இங்கே சொல்லியாக வேண்டும். ராணிக்காகப் புரூம் இரண்டு நாள் பேசிய அதே 1820-ல், அதே லண்டனில், ஆடு திருடியதாகப் பிடிபட்டவனுக்குத் தூக்கு வரை தண்டனை உண்டு. அவன் வக்கீல் வைத்துக்கொண்டாலும், அந்த வக்கீல் சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்யலாமே தவிர, ஜூரியைப் பார்த்து அவனுக்காக ஒரு வார்த்தை பேச முடியாது. கடும் குற்ற வழக்குகளில் அந்த உரிமை 1836-ல்தான் கிடைத்தது. கட்சிக்காரரே உலகம் என்ற பெரிய வாசகம் பிறந்தபோது, உலகத்தில் பெரும்பாலான கட்சிக்காரர்களுக்கு அது பொருந்தவே இல்லை.

சட்டத்தின் இந்த ஓட்டை உடைசல்கள் புரூமுக்கு நன்றாகத் தெரியும். 1828 பிப்ரவரி 7-ம் தேதி காமன்ஸ் சபையில் சட்டச் சீர்திருத்தம் பற்றி ஆறு மணி நேரம் பேசினார். தாமதம், செலவு, புரியாத நடைமுறை என்று ஒவ்வொன்றாகப் பிரித்துப் போட்டார். 1830-ல் விக் கட்சி ஆட்சிக்கு வந்ததும், பிரபு பட்டமும் லார்ட் சான்சலர் பதவியும் தேடி வந்தன. நாட்டின் நீதித் துறைக்கே தலைவர். பிரபுக்கள் சபைக்கும் தலைவர். நாலே வருடம்தான் இருந்தார். 1832-ல் தேர்தல் சீர்திருத்தச் சட்டம், 1833-ல் அடிமை முறை ஒழிப்புச் சட்டம் இரண்டும் அந்தக் காலத்தில் வந்தவை. 1831 அக்டோபரில் சீர்திருத்த மசோதாவுக்காகப் பேசும்போது சூடான மதுவை இடையிடையே அருந்தி, கடைசியில் மண்டியிட்டுப் பிரபுக்களைக் கெஞ்சினார். அவர் எழுந்திருக்கச் சிரமப்பட்டதற்கு உருக்கம் காரணமா, மது காரணமா என்று எதிராளிகள் சிரித்தார்கள். அன்று மசோதா தோற்றது. அடுத்த வருடம் நிறைவேறியது.

அந்த நாலு வருடங்களில்தான் அவர் கை இந்தியாவையும் தொட்டது. உடன்கட்டை ஏறுவதை 1829-ல் பென்டிங்க் தடை செய்தார். அதை எதிர்த்து வங்கத்துப் பழமைவாதிகள் லண்டனுக்கு அப்பீல் போனார்கள். அவர்கள் தரப்பில் வாதாடியவர் டாக்டர் ஸ்டீபன் லஷிங்டன். ராணி கரோலினுக்காகப் புரூமோடு நின்ற அதே வக்கீல். அடிமை முறையை ஒழிக்கப் பாடுபட்ட முன்னணித் தலைவர்களில் ஒருவர். அப்படிப்பட்டவர், விதவைகளைச் சிதையில் ஏற்றும் வழக்கத்தைக் காப்பாற்ற வந்தவர்களுக்காகப் பேசினார். 1832 ஜூலையில் அப்பீல் தள்ளுபடி ஆயிற்று. தடை நிலைத்தது. ராஜாராம் மோகன் ராய் அப்போது இங்கிலாந்தில் இருந்தார். தோற்றவர்கள் தங்கள் பக்கம் கேட்கப்படவே இல்லை என்று சொல்ல முடியாதபடி தோற்றார்கள். லஷிங்டன் செய்த காரியத்தின் மதிப்பு அதில்தான் இருக்கிறது.

அடுத்த வருடம் புரூம் கொண்டுவந்த சட்டத்தால் பிரிவி கவுன்சிலின் நீதிக் குழு உருவாயிற்று. இந்தியாவிலிருந்து போன அப்பீல்கள் வருடக் கணக்கில் தூங்கிக் கிடந்த நிலை மாறி, பயிற்சி பெற்ற நீதிபதிகள் அவற்றைக் கேட்க ஆரம்பித்தார்கள். 1949 அக்டோபர் வரை இந்தியர்களின் கடைசிக் கோர்ட் அதுதான். ராமநாதபுரம் சேதுபதி வம்சத்தில் விதவை ராணி தத்தெடுத்தது செல்லுமா என்ற புகழ்பெற்ற வழக்கை 1868-ல் தீர்த்துவைத்ததும் அந்தக் குழுவே. 'பிரிவி கவுன்சில் வரைக்கும் போவேன்' என்று நம் தாத்தாக்கள் வரப்புத் தகராறில் சவால் விட்டார்களே, அந்தச் சவாலுக்குப் பின்னால் இந்தத் துடைப்பப் பெயர்க்காரரின் கைவேலை இருக்கிறது.

1834-ல் ஆட்சி கவிழ்ந்தது. அடுத்த வருடம் அதே விக் கட்சி திரும்ப வந்தபோது புரூமுக்கு இடம் இல்லை. சக மந்திரிகளைப் பற்றி வாய்க்கு வந்தபடி பேசுவார், ரகசியம் தங்காது, யாரோடும் ஒத்துப்போக மாட்டார் என்று கட்சியே ஒதுக்கிவிட்டது. கட்சிக்காரர்களுக்காக வாழ்ந்தவருக்குக் கட்சி இல்லாமல் போயிற்று. இன்னும் 33 வருடங்கள் உயிரோடு இருந்தார். மந்திரி பதவி மறுபடி கிடைக்கவே இல்லை. ஆனாலும் சும்மா இருக்கவில்லை. சிவில் வழக்கில் வாதியும் பிரதிவாதியும் தாங்களே கூண்டேறிச் சாட்சி சொல்ல முடியாது என்றிருந்த விசித்திர விதியை மாற்றிய 1851 சட்டத்துக்கு இன்றும் அவர் பெயரே அடையாளம்.

1839 அக்டோபரில் புரூம் வண்டி விபத்தில் இறந்துவிட்டார் என்று லண்டனுக்கு ஒரு கடிதம் வந்தது. பல பத்திரிகைகள் இரங்கல் கட்டுரைகளை வெளியிட்டன. ஆள் சௌக்கியமாக வீட்டில் இருந்தார். நாடு தன்னைப் பற்றி என்ன நினைக்கிறது என்று தெரிந்துகொள்ள அவரே செய்த வேலை என்று சந்தேகம் கிளம்பியது. அடுத்த மாதம் நிஜமான சாவு வந்தது. வெகு நாளாக நோயில் இருந்த மகள் எலியனோர் லூயிஸா 17 வயதில் இறந்தாள். தன் வக்கீல் சங்கமான லிங்கன்ஸ் இன் தேவாலயத்தில் அவளைப் புதைக்க வேண்டும் என்று அப்பா கேட்டார். பெண் ஒருத்தியை அங்கே புதைத்ததில்லை. அவருக்காக அந்த விதியைத் தளர்த்தினார்கள். கல்லறைக்கு லத்தீன் கவிதை எழுதிக் கொடுத்தவர், ஒரு காலத்தில் இந்தியாவின் கவர்னர் ஜெனரலாக இருந்த வெல்லஸ்லி. பிரான்சின் தென் கடற்கரையில், அன்று வெறும் மீனவ ஊராக இருந்த கான் நகரில் கட்டிய வீட்டுக்கும் மகள் பெயரையே வைத்தார் புரூம். அவரைப் பார்த்து ஆங்கிலப் பணக்காரர்கள் அங்கே படையெடுத்தார்கள். இன்று சினிமா விழா நடக்கும் அந்த ஊரில்தான் 1868 மே 7-ம் தேதி, 89 வயதில் இறந்தார்.

அதற்கு நாலு வருடம் முன்னால் நடந்ததைச் சொல்லி முடிக்கலாம். 1864 நவம்பரில் பெரியே என்ற பிரெஞ்சு வக்கீலுக்கு லண்டன் வக்கீல்கள் விருந்து வைத்தார்கள். 86 வயதுப் புரூம் எழுந்து, கட்சிக்காரரின் நலனுக்கு மற்ற எல்லாமே அடக்கம் என்பதுதான் வக்கீலின் முதல் குணம் என்று மறுபடி சொன்னார். மிரட்டலாகச் சொன்னதை இப்போது கொள்கையாகவே சொன்னார். கைதட்டல். பிறகு தலைமை நீதிபதி காக்பர்ன் எழுந்தார். வக்கீல் ஏந்த வேண்டியது போர்வீரனின் ஆயுதம், மறைந்திருந்து கொல்பவனின் ஆயுதம் கூடாது என்றார். கட்சிக்காரரின் நலனை உண்மையோடும் நீதியோடும் பொருத்திப் பார்க்கத் தெரிந்திருக்க வேண்டும் என்றார். அதற்கும் கைதட்டல், முதலில் எழுந்ததைவிடப் பலமான கைதட்டல்.

இந்திய பார் கவுன்சிலின் நடத்தை விதிகளைப் புரட்டினால் இரண்டு கிழவர்களின் குரலும் கேட்கும். தனக்கோ பிறருக்கோ நேரும் சங்கடங்களைப் பாராமல் வக்கீல் அஞ்சாமல் கட்சிக்காரரின் நலனைக் காக்க வேண்டும் என்கிறது விதி. இது புரூம். நியாயமான, கண்ணியமான வழிகளில் காக்க வேண்டும் என்கிறது அதே விதி. இது காக்பர்ன். குற்றம் சாட்டப்பட்டவர் குற்றவாளிதான் என்று வக்கீல் மனசுக்குள் நினைத்தாலும், அவருக்காக வாதாட வேண்டும் என்பதும் அங்கேயே எழுதியிருக்கிறது.

எழுதியிருந்து என்ன? 2008-ல் மும்பை தாக்குதலுக்குப் பிறகும், 2012-ல் டெல்லி பஸ் கொடூரத்துக்குப் பிறகும், நாங்கள் ஆஜராக மாட்டோம் என்று வக்கீல்கள் அறிவித்தார்கள். அந்தக் கோபம் புரியாதது அல்ல. ஆனால் இப்படிச் சங்கங்கள் போடும் தீர்மானங்கள் எல்லாமே செல்லாது என்று உச்ச நீதிமன்றம் 2010 டிசம்பர் 6-ம் தேதியே தீர்ப்பளித்திருந்தது. அந்தத் தீர்ப்புக்குக் காரணமான வழக்கு கோயம்புத்தூரிலிருந்து போனது. வக்கீல் ஒருவருக்கும் போலீசுக்கும் தகராறு. குற்றம் சாட்டப்பட்ட போலீஸ்காரர்களுக்காக எந்த உறுப்பினரும் ஆஜராகக்கூடாது என்று வக்கீல் சங்கம் தீர்மானம் போட்டது. அந்த ஒரு வழக்கில், வக்கீல் கிடைக்காமல் தவிக்கும் இடத்துக்கு வந்தவர்கள் போலீஸ்காரர்கள்.

கல்யாணப் பந்தியில் அந்தக் கேள்வியைக் கேட்பவர்களில் போலீஸ்காரர்களும் உண்டு.